கிழக்கு மாகாண சபை 2012: வீடும் மரமும் சேர்ந்தும் 18 தான், அந்த ஓர் ஆசனம் எங்கே?

வாவிக்கரை:
மாகாண சபைத் தேர்தல் பேச்சு எழும்போதெல்லாம் "2012இல் தமிழரும் முஸ்லிம்களும் சேர்ந்திருந்தால் கிழக்கு கைக்கு வந்திருக்கும்" என்ற வசனமும் கூடவே வந்துவிடுகிறது. சேர்ந்திருந்தால் என்றால் எப்போது? தேர்தலுக்கு முன்னா, பின்னா? இரண்டுக்கும் கணக்கு வேறு. அதைப் பிரித்துப் பேசத்தான் இந்த இழை.

கிழக்கில் மொத்தம் 37 ஆசனங்கள். அம்பாறைக்கு 14, மட்டக்களப்புக்கு 11, திருகோணமலைக்கு 10. மீதி 2 போனஸ். 2012 செப்டம்பர் 8 முடிவு, சின்னங்களால் சொன்னால்: வெற்றிலை (மகிந்தவின் ஆளும் கூட்டணி) 14 (போனஸ் 2 உட்பட), வீடு (தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு) 11, மரம் (முஸ்லிம் காங்கிரஸ், மு.கா.) 7, யானை (ஐக்கிய தேசியக் கட்சி) 4, விமல் வீரவன்சவின் தேசிய சுதந்திர முன்னணி 1. பெரும்பான்மைக்கு 19 வேண்டும். வீடும் மரமும் 18.

மாகாணத்தில் தமிழர் ஏறக்குறைய 40, முஸ்லிம்கள் 37, சிங்களவர் 23 சதவீதம். எந்தச் சமூகமும் தனியே ஆள முடியாது. பழங்கதை வேண்டாம். கணக்கும் சட்டமும் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

மூதூர் முகிலன்:
மட்டக்களப்பைப் போட்டுப் பார்த்தேன், எனக்கு வேறு விடை வருகிறது. வீடு 1,04,682. வெற்றிலை 64,190. மரம் 23,083. முதலிடத்துக்கு ஒரு ஆசனம் எடுத்து வைத்து, 5 சதவீதத்துக்குக் கீழே எடுத்தவர்களின் வாக்கைக் கழித்து, மீதியை 10ஆல் வகுத்தால் வீடு 7, வெற்றிலை 3, மரம் 1. அறிவித்ததோ 6, 4, 1. எங்கே பிழைத்தேன்?

கணக்கு மாஸ்டர்:
முகிலன், நீங்கள் போட்டது நாடாளுமன்றக் கணக்கு. பத்துப் பேரில் எட்டுப் பேர் இங்கேதான் வழுக்குகிறார்கள். மாகாண சபையில் மாவட்டத்துக்கு போனஸ் கிடையாது. மாகாணம் முழுவதிலும் கூடுதல் வாக்கு எடுத்த கட்சிக்கு 2 ஆசனம், அவ்வளவுதான். அதனால் மாவட்டத்தின் முழு ஆசன எண்ணாலேயே வகுக்க வேண்டும்.

மட்டக்களப்பில் செல்லுபடியான வாக்கு சுமார் 2,05,940. அதை 11ஆல் வகுத்தால் ஓர் ஆசனத்தின் விலை 18,722 வரும். வீட்டுக்கு 5 முழு ஆசனம், மிச்சம் 11,070 சொச்சம். வெற்றிலைக்கு 3, மிச்சம் 8,020 சொச்சம். மரத்துக்கு 1, மிச்சம் 4,360 சொச்சம். முழு ஆசனங்கள் 9. இன்னும் 2 இருக்கின்றன. பெரிய மிச்சம் யாரிடமோ அவருக்குப் போகும்: வீட்டுக்கு ஒன்று, வெற்றிலைக்கு ஒன்று. 6, 4, 1. சரியாக வருகிறதா?

சிறு கட்சிகளின் வாக்கைக் கழிக்க வேண்டுமா என்பது அடுத்த சந்தேகம். அதற்குச் சட்டப் புத்தகம் புரட்ட வேண்டியதில்லை, திருகோணமலை முடிவே சாட்சி. அங்கே வீடு 44,396, வெற்றிலை 43,324, மரம் 26,176, யானை 24,439, தேசிய சுதந்திர முன்னணி 9,522. செல்லுபடியான எல்லா வாக்கையும் 10ஆல் வகுத்தால் விலை சுமார் 15,267. யானைக்கு ஒரு முழு ஆசனம், மிச்சம் 9,172. தேசிய சுதந்திர முன்னணிக்கு முழு ஆசனம் எதுவும் இல்லை, ஆனால் 9,522 முழுவதும் மிச்சம். வீடு, வெற்றிலை, மரம் மூன்றின் மிச்சமும் இவற்றைவிடப் பெரியவை. ஆகக் கடைசி ஆசனம் 9,522க்கும் 9,172க்கும் இடையிலான போட்டி. முன்னணி வென்றது.

இப்போது சிறு கட்சிகளைக் கழித்துவிட்டுப் போடுங்கள். ஐந்து கட்சிகளின் கூட்டு 1,47,857. விலை 14,786 ஆகக் குறையும். யானையின் மிச்சம் 9,653 ஆகிவிடும், முன்னணி 9,522இலேயே நிற்கும். ஆசனம் யானைக்குப் போயிருக்க வேண்டும். போகவில்லை. ஆகவே கழிக்கவில்லை. வென்றவருக்குப் பயன்படாத சில ஆயிரம் உதிரி வாக்குகள்தான் யார் கடைசியாக உள்ளே போவார் என்பதைத் தீர்மானித்தன.

வாவிக்கரை:
அபாரம் மாஸ்டர். அப்படியென்றால் திருகோணமலையில் யானைக்கு இன்னும் 350 வாக்கு விழுந்திருந்தால் கூட்டணிப் படமே மாறியிருக்குமா?

கணக்கு மாஸ்டர்:
மாறியிருக்காது. யானை 5, முன்னணி 0. வீடும் மரமும் அப்போதும் 18 தான். சுவாரசியமான கணக்கு, அரசியல் பெறுமதி பூச்சியம்.

பெறுமதி உள்ள எண் 6,217. மாகாணம் முழுவதும் வெற்றிலை 2,00,044, வீடு 1,93,827. இந்த வித்தியாசம்தான் 2 போனஸையும் வெற்றிலைக்குக் கொடுத்தது. வீடு முந்தியிருந்தால் 13, வெற்றிலை 12. மரத்தின் 7ஐச் சேர்த்தால் 20.

தேர்தலுக்கு முன்பே ஒரே பட்டியலில் நின்றிருந்தால்? மட்டக்களப்பில் மாற்றமில்லை: கூட்டு 1,27,765, ஆசனம் 7, அதாவது அதே 6+1. திருகோணமலையிலும் அதே 5. அம்பாறையில்தான் ஒன்று கூடுகிறது. அங்கே மரம் 83,658, வீடு 44,749. தனித்தனியே நின்றபோது இரண்டின் மிச்சமும் ஐயாயிரத்துச் சொச்சம். இரண்டுமே வீணாகி, யானை தன் 8,758 மிச்சத்தால் மூன்றாவது ஆசனத்தை எடுத்தது. இரண்டு மிச்சத்தையும் ஒன்றாகக் கட்டினால் 10,600 வரும், யானையைத் தாண்டும். ஆக 7+7+5 = 19. கூட்டு வாக்கு 3,26,744 என்பதால் போனஸ் 2. மொத்தம் 21.

தனித்து நின்று 18. சேர்ந்து நின்றால் 21. வித்தியாசம் 3, அதில் 2 போனஸ். கிழக்கில் தேர்தலுக்குப் பின் சேர்வதைவிட முன்பே சேர்வது ஏன் மலிவு என்பதற்கு இந்த மூன்று ஆசனமே பதில்.

சாய்ந்தமருதான்:
மாஸ்டரின் பெருக்கல் வகுத்தலில் பிழை இல்லை. ஆனால் வாக்கு என்பது மூட்டையில் கட்டின அரிசி இல்லை, இரண்டையும் ஒரே சாக்கில் கொட்டுவதற்கு.

பட்டியலை எடுத்துப் பாருங்கள். அம்பாறைக்கு 14 ஆசனம் என்றால் ஒரு கட்சி 17 பேரை நிறுத்தும். மட்டக்களப்பில் 14, திருகோணமலையில் 13. வாக்காளர் கட்சிக்கு ஒரு புள்ளடி போட்டுவிட்டு, வேட்பாளரில் மூன்று பேருக்கு மட்டும் விருப்பு வாக்கு போடலாம். கூட்டுப் பட்டியலுக்கு அம்பாறையில் 7 ஆசனம் என்கிறீர்கள். அந்த 7 பேர் யார் என்பதை விருப்பு வாக்குதான் தீர்மானிக்கும். கல்முனை, சம்மாந்துறை, பொத்துவில் தொகுதிகளின் முஸ்லிம் வாக்கு தமிழ் வாக்கைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு. ஒழுங்கு செய்யாமல் விட்டால் 7இல் 6 அல்லது 7 பேரும் முஸ்லிம்களாகவே வரலாம். அப்போது காரைதீவிலும் திருக்கோவிலிலும் வீட்டுக்கு வாக்குக் கேட்பவர் என்ன சொல்வார்? மட்டக்களப்பில் இதே வில்லங்கம் தலைகீழாக: ஏறாவூர், காத்தான்குடி, ஓட்டமாவடிக்காரர் மூவருக்குள் விருப்பு வாக்கு பிரிந்தால் ஒருவரும் வரமாட்டார்.

இதைத் தடுக்க ஒரே வழி, சிறிய பங்காளி எத்தனை ஆசனத்தை எதிர்பார்க்கிறாரோ அந்த எண்ணிக்கையிலோ ஒன்று கூடவோ மட்டும் ஆள் நிறுத்துவது. மூன்று விருப்பு வாக்கும் அந்த மூவருக்கே விழும்படி. ஆனால் ஆள் குறைந்தால் ஊருக்கு ஊர் வாக்கு இழுக்க ஆள் இல்லாமல் போகும். மருதமுனைக்கு ஒரு வேட்பாளர், நிந்தவூருக்கு ஒருவர், அக்கரைப்பற்றுக்கு ஒருவர் என்று போட்டால்தான் மரத்துக்கு 83 ஆயிரம் வந்தது. இந்த இழுபறிக்கு வகுத்தல் கணக்கில் விடை இல்லை.

கணக்கு மாஸ்டர்:
ஒப்புக்கொள்கிறேன் சாய்ந்தமருதான். அதனால் சேதாரத்தையும் போட்டுப் பார்த்தேன். கூட்டுப் பட்டியல் பிடிக்காமல் இரு தரப்பிலும் 20 பேருக்கு ஒருவர் வாக்குச்சாவடிக்கே போகாமல் இருந்துவிட்டதாக வைத்துக்கொள்வோம். மட்டக்களப்பு 7 அசையாது. அம்பாறை 7 என்பது 6 ஆகும். திருகோணமலை 5 என்பது 4 ஆகும், அங்கே ஐந்தாவது ஆசனம் ஆரம்பத்திலிருந்தே சில நூறு வாக்கில் தொங்கியது. 17, போனஸோடு 19. மயிரிழையில் பெரும்பான்மை. அதற்கு மேல் சேதாரம் என்றால் கூட்டு உடைந்த பானைதான்.

தம்பலகாமம்:
ஆசனம் எண்ணி முடித்தாயிற்று, ஆட்சி அமைப்பதைப் பற்றி யாரும் சொல்லவில்லை. அதிக ஆசனம் எடுத்த கட்சியை ஆளுநர் முதலில் அழைக்க வேண்டும் என்று பலர் எழுதுகிறார்கள். அரசியலமைப்பில் அப்படி இல்லை. 154எஃப் உறுப்புரை சொல்வது இரண்டு. ஒன்று, சபையின் பெரும்பான்மை ஆதரவைப் பெறக் கூடியவர் என்று ஆளுநரின் அபிப்பிராயத்தில் யார் தோன்றுகிறாரோ அவரை முதலமைச்சராக நியமிப்பார். இரண்டு, ஒரே கட்சி அரைவாசிக்கு மேல் எடுத்திருந்தால் அந்தக் கட்சியின் சபைத் தலைவரை நியமித்தே ஆக வேண்டும், அபிப்பிராயத்துக்கு இடமில்லை.

ஆக 19 தனிக்கட்சியாக எடுத்தால் ஆளுநரின் கை கட்டப்படும். 11+7+4 என்று கூட்டிக்கொண்டு வந்தால் கை அவிழும். ஆளுநரை நியமிப்பவர் ஜனாதிபதி என்பதையும் சேர்த்து வாசியுங்கள். கூட்டுப் பட்டியலின் உண்மையான இலாபம் மாஸ்டர் சொன்ன 3 ஆசனம் மட்டும் இல்லை, ஒரே சின்னத்தில் 19ஐத் தாண்டினால் கிடைக்கும் இந்தக் கட்டாயமும்தான்.

இதிலும் ஓட்டை உண்டு. 2008 மே தேர்தலில் வெற்றிலை 37இல் 20 எடுத்தது. கட்டாய நியமனம்தான். ஆனால் "கட்சியின் சபைத் தலைவர்" யார்? கூட்டணிக்குள்ளே ஹிஸ்புல்லாவும் உரிமை கோரினார், பிள்ளையானும் கோரினார். பிள்ளையான் பதவியேற்றார், ஹிஸ்புல்லா பிறகு சுகாதார அமைச்சை ஏற்றார். கூட்டுச் சின்னத்தில் நிற்கிறவர்கள் சபைத் தலைவர் இன்னார் என்று வேட்புமனுவுக்கு முன்பே எழுத்தில் வைக்காவிட்டால், 21 எடுத்தும் கொழும்பில் போய் நிற்க வேண்டியதுதான்.

மூதூர் முகிலன்:
சரி, 2012இல் வீடு 11 + மரம் 7 + யானை 4 = 22 இருந்ததே. முதலமைச்சர் பதவியையே தருகிறோம் என்று கூட்டமைப்புத் தலைவர் சம்பந்தன் ஐயா மு.கா.வுக்குச் சொன்னாரே. பிறகேன் வெற்றிலையின் நஜீப் அப்துல் மஜீத் முதலமைச்சராக வந்தார்?

சாய்ந்தமருதான்:
மு.கா. தனித்துக் கேட்டது, ஆனால் மத்திய அரசை விட்டு வெளியே வரவில்லை. கட்சித் தலைவர் ஹக்கீம் நீதி அமைச்சராக இருந்துகொண்டேதான் மரத்துக்கு வாக்குக் கேட்டார். மாகாணத்தில் எதிர்ப்பக்கம் உட்கார்ந்தால் கொழும்பில் கதிரை போகும், போகும்போது நாடாளுமன்ற உறுப்பினர்கள் சிலரும் கூடவே போவார்கள் என்ற பயம் இருந்தது. அந்தக் கட்சி எத்தனை முறை பிளந்தது என்பது எல்லோருக்கும் தெரியும்.

வெற்றிலையோடு சேர்ந்தால் 14+7+1 = 22. அங்கே இரண்டரை வருடம் முடிய முதலமைச்சர் பதவி எங்களுக்கு என்ற இணக்கம் இருந்ததாக மு.கா. தரப்பு சொன்னது. வீட்டோடு போனால் முதல் நாளே முதலமைச்சர், ஆனால் மூன்று கட்சி, பகை ஆளுநர், பணம் வராத திறைசேரி. எது நியாயம் என்று நான் தீர்ப்புச் சொல்லவில்லை. எது பாதுகாப்பு என்று அவர்கள் பார்த்தார்கள்.

தம்பலகாமம்:
பலர் கவனிக்காத முட்டுக்கட்டை ஒன்று: கதிரை. மாகாண அமைச்சர் வாரியத்தில் முதலமைச்சரும் அவரோடு ஆகக் கூடியது நான்கு அமைச்சர்களும்தான். அரசியலமைப்பே போட்ட எல்லை. கொழும்பில் மாதிரி இராஜாங்க, பிரதி என்று கதிரையைப் பெருக்கிச் சமாளிக்க முடியாது. மூன்று இனம், நான்கைந்து கட்சி, மூன்று மாவட்டம், ஐந்தே ஐந்து கதிரை.

2012 வாரியத்தைப் பாருங்கள். முதலமைச்சர் நஜீப். அமைச்சர்கள் விமலவீர திசாநாயக்க, உதுமாலெப்பை, மு.கா.வின் மன்சூர், ஹாபிஸ் நசீர் அஹமட். ஐந்தில் ஒருவர்கூடத் தமிழர் இல்லை, மாகாணத்தில் 40 சதவீதம் இருந்தும். யாரோ திட்டமிட்டுச் செய்த சதி என்று மட்டும் இதை வாசிக்காதீர்கள். 22 பேர் கொண்ட அணிக்குள் பேரம் பேசக்கூடிய தமிழ் எண்ணிக்கை இல்லை, கதிரை ஐந்துக்கு மேல் இல்லை. எண்ணிக்கை இல்லாதவருக்கு மிச்சம் வரவில்லை.

2015 ஜனவரியில் மைத்திரி ஜனாதிபதியாக வந்ததும் அதே 37 பேர், தேர்தல் இல்லாமலே வேறு வாரியம். பெப்ரவரியில் ஹாபிஸ் நசீர் முதலமைச்சர் ஆனார். 11 பேர் இருக்கும் எங்களை விட்டு 7 பேருக்கு முதலமைச்சரா என்று கூட்டமைப்பு முதலில் முறைத்தது. பிறகு கல்வி தண்டாயுதபாணிக்கும் விவசாயம் துரைராசசிங்கத்துக்கும் வந்தது. ஆரியவதி கலப்பத்தி, ஏ.எல்.எம். நசீர் மற்ற இருவர். மீண்டும் மூன்று சமூகமும் ஒரே வாரியத்தில். வாக்காளர் ஒரு புள்ளடிகூடப் போடவில்லை, கொழும்பில் காற்று மாறியது, அவ்வளவுதான்.

வடக்கு வாசல்:
இவ்வளவு கணக்கும் எதற்கு? வடக்கில் 2013இல் வீடு 38இல் 30 எடுத்தது. மூன்றில் இரண்டுக்கு மேல். என்ன ஆயிற்று? மாகாண நிதியத்தைத் தொடும் நியதிச்சட்டம் (மாகாண சபை போடும் சட்டம்) எதுவாக இருந்தாலும் ஆளுநரின் சிபாரிசு இல்லாமல் சபைக்கே வராது. அலுவலரை இடம் மாற்றுவதும் கடைசியில் ஆளுநர் கையில். 19 எடுத்தாலும் 30 எடுத்தாலும் ஒன்றுதான்.

கணக்கு மாஸ்டர்:
முழுக்க ஒன்று இல்லை, வடக்கு வாசல். 154ஜி உறுப்புரையை மறக்கிறீர்கள். மாகாணப் பட்டியலில், அதாவது மாகாணங்களுக்கு ஒதுக்கிய அதிகாரங்களில், உள்ள விடயத்தில் நாடாளுமன்றம் சட்டம் போடுவதானால் எல்லா மாகாண சபைக்கும் அனுப்ப வேண்டும். எல்லாச் சபையும் சம்மதித்தால் சாதாரணப் பெரும்பான்மை போதும். ஒன்று மறுத்தாலும், அந்த மாகாணத்துக்கும் சேர்த்துச் சட்டம் செல்ல மூன்றில் இரண்டு வேண்டும். 2012இல் வறுமை ஒழிப்புத் திட்டங்களை ஒரே திணைக்களத்தின் கீழ் கொண்டுவரும் திவிநெகும சட்டமூலம் இந்த வழியில்தான் சபைகளுக்கு வந்தது. கிழக்கு சபை புதிதாக அமைந்த கையோடு அதற்குச் சம்மதம் கொடுத்தது. மு.கா.வின் 7 எந்தப் பக்கம் உட்கார்ந்தது என்பதற்கு அன்றைக்கே ஒரு விலை இருந்தது. கொழும்பு ஏன் கிழக்கை அவ்வளவு கவனமாகக் கட்டியது என்பதும் இதில் தெரியும்.

போனஸ் விடயத்தில் வடக்கிடம் ஒரு பாடம் உண்டு. 2013இல் கூட்டமைப்பு தன் 2 போனஸில் ஒன்றை ஒரு முஸ்லிம் உறுப்பினருக்குக் கொடுத்தது, மற்றதை வருடத்துக்கு ஒருவராகச் சுழற்றியது. சாய்ந்தமருதான் சொன்ன விருப்பு வாக்கு வில்லங்கத்துக்குப் பாதி மருந்து இதில் இருக்கிறது. கூட்டுப் பட்டியலில் காத்தான்குடியோ திருக்கோவிலோ விடுபட்டால் போனஸால் நிரப்பலாம், முன்பே பேசி எழுதி வைத்தால்.

மூதூர் முகிலன்:
இதெல்லாம் பழைய முறைக்குத்தானே? 2017 திருத்தத்தில் பாதி தொகுதி, பாதி விகிதாசாரம் என்று ஆகிவிட்டதே.

தம்பலகாமம்:
சட்டம் ஆனது, தொகுதி ஆகவில்லை. எல்லை நிர்ணய அறிக்கை 2018 ஆகஸ்டில் நாடாளுமன்றத்தில் வாக்கெடுப்புக்கு வந்தது. எதிராக 139, ஆதரவாக ஒன்றும் இல்லை. கொண்டுவந்தவர்களே எதிர்த்து வாக்களித்தார்கள். மீளாய்வுக் குழுவுக்குப் போனது அங்கேயே படுத்துவிட்டது. கிழக்கு சபையின் காலம் 2017 செப்டம்பர் 30இல் முடிந்தது, எல்லா மாகாணத்துக்கும் ஒரே நாளில் தேர்தல் என்ற அன்றைய 20ஆவது திருத்தச் சட்டமூலத்துக்குக் கை தூக்கிய சில நாட்களில்.

தொகுதி முறை வந்தால் கூட்டணிக் கணக்கு தலைகீழாகும். பழைய முறையில் சிதறி வாழ்கிறவரின் வாக்கு மாவட்ட மட்டத்தில் சேர்ந்து ஆசனமாகிறது. தொகுதியில் கோடு எங்கே விழுகிறது என்பதே எல்லாம். மூதூரில் கோட்டை இரண்டு கிலோமீட்டர் தள்ளிப் போட்டாலே ஆள் மாறும். முஸ்லிம் கட்சிகள் அந்த அறிக்கையை அவ்வளவு மூர்க்கமாக எதிர்த்ததற்குக் காரணம் அதுதான், அந்த எதிர்ப்பில் நியாயமும் இருந்தது.

வாவிக்கரை:
ஆக, முன்கூட்டியே சேர்வதானால் எழுத்தில் இருக்க வேண்டியவை என்று எனக்குப் புரிந்தது: மாவட்டவாரியாக யாருக்கு எத்தனை வேட்பாளர், போனஸ் 2 யாருக்கு, சபைத் தலைவர் யார், ஐந்து கதிரை எப்படிப் பிரிகிறது. இடையில் முதலமைச்சர் மாறுவதானால் திகதியும். விட்டுப்போனது ஏதும் உண்டா?

சாய்ந்தமருதான்:
சபையை நடத்தும் தவிசாளர் பதவி. வாரியத்தில் இடம் கிடைக்காத மூன்றாவது பங்காளிக்குக் கொடுக்க மிஞ்சியிருப்பது அதுவும் பிரதித் தவிசாளரும்தான். இன்னொன்று, ஒரே சின்னம் என்றால் எந்தக் கட்சியின் செயலாளர் வேட்புமனுவில் கையெழுத்து வைக்கிறார் என்பது. உறுப்பினர் கட்சியை விட்டு நீக்கப்பட்டால் ஆசனமே பறிபோகலாம் என்று மாகாண சபைத் தேர்தல் சட்டத்தில் இருக்கிறது. கையெழுத்து வைப்பவரிடம்தான் சவுக்கு இருக்கும். வீட்டின் கீழ் முஸ்லிமோ மரத்தின் கீழ் தமிழரோ நிற்கத் தயங்குவது சின்னத்தைப் பார்த்து மட்டும் இல்லை.

கணக்கு மாஸ்டர்:
என் முந்தைய பதிவில் ஒரு திருத்தம். யானைக்கு 350 வாக்கு போதும் என்று வாவிக்கரை கேட்டபோது சும்மா விட்டுவிட்டேன். போதாது. புதிய வாக்கு ஒவ்வொன்றும் செல்லுபடியான வாக்கையும் கூட்டும், ஆசன விலையையும் பத்தில் ஒரு பங்கு ஏற்றும். ஆகவே யானைக்கு மேலதிகமாக ஏறக்குறைய 390 வேண்டியிருந்திருக்கும்.